மிஸ்ஸியிட்ட கேளுங்க: டொக்டர் கேக்காட்டியும் நீங்க சொல்லுங்க

மிஸ்ஸி எண்டு நீங்க கூப்பிடுற இந்தத் தாதிக்கு இந்த மாசம் வந்த கடிதம், வாட்ஸ்அப் மெசேஜ் எல்லாத்தையும் பிரிச்சுப் பார்த்தா முக்காவாசி ஆஸ்பத்திரில ஆக்களை நடத்துற விதத்தைப் பற்றித்தான் இருக்கு, அதால வழமையா வாற முடி கொட்டுறது, முழங்கால் நோவு, தேமல் எல்லாத்தையும் அடுத்த மாசத்துக்குத் தள்ளிட்டன், கோவிக்காதீங்க. சிலபேர் ஆஸ்பத்திரிப் பேர், டொக்டர்ட பேர், வார்ட் நம்பர் வரைக்கும் எழுதி அனுப்பியிருந்தீங்க. அதையெல்லாம் வெட்டிட்டுத்தான் போடுறன்.

கேள்வி: மிஸ்ஸி, நான் ஏ.எல் முடிச்சிட்டு நர்சிங்குக்கு இன்டர்வியூ போகப்போறன். நோயாளியை மையமாக் கொண்ட பராமரிப்பு எண்டா என்னெண்டு கட்டாயம் கேப்பாங்க எண்டு அக்காமார் சொல்றாங்க. நெட்ல தேடினா பெரிய பெரிய வசனமா வருது, ஒண்டும் மண்டைக்குள்ள போகுதில்ல. எனக்கு விளங்குற மாதிரி சொல்லுங்களேன்.
— வாசகி, கொக்கட்டிச்சோலை

பதில்: தங்கச்சி, முதல்ல இன்டர்வியூக்குத் தேவையானதைத் தாறன், பாடமாக்கிக்கங்க. 2001ல அமெரிக்காவில இன்ஸ்டிடியூட் ஒஃப் மெடிசின் எண்ட நிறுவனம் ஒரு அறிக்கை விட்டிச்சு, அதுல நல்ல வைத்தியத்துக்கு ஆறு குறி சொன்னாங்க. ஆபத்தில்லாம இருக்கணும், பலன் தரணும், நோயாளியை மையமா வைக்கணும், சுணங்காமக் கிடைக்கணும், வீண்விரயம் இருக்கக்கூடா, ஆளுக்கொரு நியாயம் எண்டில்லாம எல்லாருக்கும் ஒரே தரத்தில கிடைக்கணும். அந்த மூண்டாவதுக்கு அவங்க குடுத்த விளக்கம் என்னெண்டா, நோயாளிட விருப்பம், அவர்ட தேவை, அவர் வாழ்க்கையில பெரிசா மதிக்கிற விஷயம் இதுக்கெல்லாம் மரியாதை குடுத்து, வைத்திய முடிவுகளையும் அதைப் பார்த்தே எடுக்கணும் எண்டுறது. இவ்வளவையும் சொன்னா இன்டர்வியூ போர்டுக்குக் காணும்.

இனி உங்களுக்கு விளங்கணுமே, அதுக்கு வேற கதை இருக்கு. இது 2001ல முளைச்சதில்ல. லண்டன்ல ஈனிட் பாலின்ட் எண்ட அம்மா 1969லயே எழுதிட்டா, வருத்தத்தை மட்டும் பார்க்கிற வைத்தியம் ஒண்டு இருக்கு, வருத்தம் வந்த ஆளை முழுசாப் பார்க்கிற வைத்தியம் வேற ஒண்டு இருக்கு எண்டு. மறுகா அமெரிக்காவில ஹார்வி பிக்கர் எண்டவர், அவங்க குடும்பமே எக்ஸ்ரே மெஷின் செய்யிற கம்பனி வச்சிருந்தவங்க, அவர்ட மனுசி ஜீனுக்குத் தீராத வருத்தம். மெஷினுக்கும் மருந்துக்கும் குறைவில்ல, ஆனா படுத்திருக்கிற மனுசரைக் கவனிக்கிறதுதான் காணாது எண்டு அவங்களுக்கு விளங்கிச்சு, 1980கள்ல அதுக்கெண்டே ஒரு நிறுவனம் தொடங்கினாங்க. அவங்க செஞ்ச கெட்டித்தனம் என்னெண்டா, நோயாளியிட்டப் போய் "திருப்தியா இருந்துச்சா" எண்டு கேக்கிறதை விட்டுட்டு நடந்தது என்ன எண்டு கேட்டாங்க. வீட்ட போகக்குள்ள எந்தக் குளிசையை எப்பப் போடுறதெண்டு சொல்லித் தந்தாங்களா, நோகுதெண்டு சொன்னா யாரும் வந்து பார்த்தாங்களா, இந்த மாதிரி. நம்மட சனத்திட்ட திருப்தியா எண்டு கேட்டுப் பாருங்க, மூணு நாள் ஒருத்தரும் திரும்பிப் பார்க்காட்டியும் "ஓம், நல்லாப் பார்த்தாங்க" எண்டுதான் சொல்லுவாங்க, ஏனெண்டா நாளைக்கும் அங்கதானே போகணும்.

ஒரு உதாரணம் சொல்றன். ரெண்டு அம்மாமார், ரெண்டு பேருக்கும் ஒரே வயசு, ஒரே மாதிரி முழங்கால் தேய்மானம், எக்ஸ்ரேயை மாத்தி வச்சாலும் தெரியாது. ஒராள் காத்தான்குடி உம்மா, அவவுக்குக் கவலையெல்லாம் தொழுகையில மடங்கி இருக்க ஏலாமப் போறது. மற்றவ மீன் வித்துச் சீவிக்கிறவ, கூடையைத் தூக்கிட்டு நாலு ஊர் நடக்காட்டி அண்டைக்கு உலை வைக்க ஏலாது. ரெண்டு பேருக்கும் ஒரே குளிசையை எழுதிக் குடுத்துட்டு "கால் மடக்க வேணாம், பாரம் தூக்க வேணாம்" எண்டு சொல்லி அனுப்பினா வைத்தியம் பிழையில்ல, புத்தகத்தில இருக்கிறதுதான். ஆனா உம்மாக்கு கதிரையில இருந்து தொழலாம் எண்டதை யாரோ ஒராள் எடுத்துச் சொல்லணும், மீன்கார அம்மாக்கு பாரம் தூக்காம எப்பிடி யாவாரம் செய்யிறது எண்டு அவவோட இருந்து ரெண்டு நிமிஷம் யோசிக்கணும். அந்த ரெண்டு நிமிஷத்தைத்தான் இவ்வளவு பெரிய வசனத்தில சொல்றாங்க.

இன்னொண்டு, நோயாளி கேக்கிறதையெல்லாம் குடுக்கிறதும் இதில சேராது. தடிமனுக்கு அன்டிபயோட்டிக் தா, தலையிடிக்கு ஸ்கேன் எடு எண்டு கேட்டா இல்லை எண்டு சொல்லி ஏன் இல்லை எண்டு விளங்கப்படுத்துறதும் இதுக்குள்ளதான் வருது. சிரிச்ச முகம், ஏசி போட்ட ரூம், சுவத்தில பூப்படம் இதெல்லாம் இருந்தா நல்லம், இல்லாட்டியும் பாதகமில்ல.

கேள்வி: எங்கட அப்பாக்கு சீனி வருத்தம், கிளினிக் போற நேரமெல்லாம் ஏச்சுத்தான். "சொன்னா கேக்கிறல்ல, கால் கழட்டினாத்தான் தெரியும்" எண்டு சொல்றாங்களாம். ஒவ்வொருக்காலும் குளிசையைக் கூட்டிக் கூட்டித் தாறாங்க, சீனி குறையுறதாத் தெரியல. இப்ப கிளினிக் போக மாட்டன் எண்டு அடம்பிடிக்கிறாரு. வயல் செய்யிறவர், இந்த வயசிலயும் வட்டைக்குப் போகாட்டி அவருக்கு இருக்க ஏலாது.
— மகன், மண்டூர்

பதில்: தம்பி, உங்கட கடிதத்தில கடைசி வரி இருக்கே, அதை டொக்டர்ட்ட யாரும் சொன்னீங்களா? நான் நினைக்கிறன் இல்லை எண்டு.

டொக்டர்ட மேசையில அப்பா எண்டா ஒரு கிளினிக் கொப்பியும் அதுல எழுதின ஒரு சீனி இலக்கமும்தான். இலக்கம் கூடியிருக்கு, அப்ப குளிசை காணாது, கூட்டு. அவர் கணக்கு சரிதான். ஆனா அப்பாட நாள் எப்பிடிப் போகுது? வெள்ளாமைக் காலத்தில விடிய நாலரைக்கு ஒரு பிளேன்டியைக் குடிச்சிட்டு வட்டைக்குப் போனா பதினொரு மணிக்குத்தான் வாடியில சோறு, அதுவும் ஒரு கோப்பை நிறைய, பின்னேரம் வந்து விழுந்தா ராச்சாப்பாடு சில நாள் இருக்கும் சில நாள் இருக்காது. காலைச் சாப்பாட்டோட ஒண்டு ராச்சாப்பாட்டோட ஒண்டு எண்டு எழுதித் தந்தா அவர் எந்தச் சாப்பாட்டோட போடுறது? போடாம விட்டிருப்பாரு, விட்டதைச் சொன்னா ஏச்சு விழும் எண்டு போட்டன் எண்டு சொல்லியிருப்பாரு. டொக்டர் என்ன செய்வாரு, போட்டும் குறையல்ல எண்டு இன்னொண்டைக் கூட்டுவாரு.

இதுல பயப்படுற இடம் ஒண்டு இருக்கு. ஒரு நாள் நீங்க எல்லாரும் சேர்ந்து வற்புறுத்தி அவர் எழுதியிருக்கிற அவ்வளவு குளிசையையும் போட்டுட்டு சாப்பிடாம வயலுக்குப் போனார் எண்டு வைங்க, கிளிக்ளசைட் மாதிரிக் குளிசையெல்லாம் சாப்பாடு தப்பினா சீனியை சட்டெண்டு கீழ இறக்கிடும், வேர்க்கும், கை நடுங்கும், தலை சுத்தும், வரம்பில தனிய விழுந்தா யாருக்குத் தெரியும். மெட்ஃபோர்மின் அப்பிடி இறக்கிறது குறைவு, ஆனா வெறும் வயித்தில போட்டா வயிறு குழப்பும், அதனாலயே நிறையப்பேர் ரகசியமா நிப்பாட்டிடுறது.

உங்கட அப்பா மட்டும் இப்பிடி இல்ல, மனவருத்தப்படாதீங்க. உலக சுகாதார நிறுவனம் 2003ல சொன்ன கணக்குப்படி பணக்கார நாடுகள்லயே நீண்டகால வருத்தத்துக்கு மருந்து குடிக்கிறவங்கள்ல அரைவாசிப்பேர்தான் சொன்னபடி குடிக்கிறாங்க. அவ்வளவு பேரும் அடங்காத ஆக்களா என்ன? குளிசை எழுதக்குள்ள அவங்கட நாளைப் பற்றி ஒருத்தரும் விசாரிக்கல்ல, விஷயம் அவ்வளவுதான்.

நீங்க செய்யுறது என்னெண்டா, அடுத்த கிளினிக்குக்கு அப்பாவோட நீங்களும் போங்க, வீட்டில மிச்சம் கிடக்கிற குளிசை எல்லாத்தையும் ஒரு பேக்ல போட்டுக் கொண்டு போங்க, மறைக்காதீங்க. மேசைக்கு முன்னால இருந்த உடனே அப்பாட நாளைச் சொல்லுங்க, இத்தனை மணிக்கு எழும்புவாரு, இத்தனை மணிக்குத்தான் முதல் சாப்பாடு, இந்தக் குளிசையை இவர் போடுறதில்ல, இதுதான் காரணம், வேலைக்கு ஏத்த மாதிரி நேரத்தையோ மருந்தையோ மாத்தித் தர ஏலுமா சேர். இவ்வளவும் சொல்ல ஒரு நிமிஷம் போகாது. உங்கட பாட்டில குறைக்கிறதோ நிப்பாட்டுறதோ செய்யக்கூடா. டொக்டர் புதுசா ஏதும் சொன்னா அப்பாவையே திருப்பிச் சொல்லச் சொல்லுங்க, "அப்ப நான் வாடியில சோறு திங்கக்குள்ள இதைப் போடுறது, சரியா?" எண்டு. பிழையா விளங்கியிருந்தா அந்த இடத்திலயே தெரிஞ்சிடும். இது எங்களுக்கும் படிப்பிக்கிற முறைதான், ஆனா டொக்டரோ மிஸ்ஸியோ கேக்கும் வரைக்கும் நீங்க பார்த்துக்கொண்டிருக்க வேணாம்.

அப்பிடி சீனி சட்டெண்டு இறங்கினா வாயில போட ஷேர்ட் பொக்கட்டில எப்பவும் கொஞ்சம் சீனியோ ரெண்டு டொஃபியோ கிடக்கட்டும். வயல்ல இறங்கி ஏறினா ராவைக்கு காலைக் கழுவித் துடைச்சு, விரல் இடுக்கையும் உள்ளங்காலையும் யாராவது வெளிச்சத்தில பார்க்கணும், சீனி வருத்தக்காரருக்கு சிலநேரம் முள்ளுக் குத்தினாலும் தெரியாது. மறுகா இன்னொண்டு, கிளினிக்குக்கு முதல் ரெண்டு நாள் மட்டும் சோத்தைக் குறைச்சிட்டு நல்ல ரிப்போட் எடுக்கிற வேலை செய்யிறவரா இருந்தா அதையும் நிப்பாட்டச் சொல்லுங்க, எச்பிஏவன்சி எண்ட டெஸ்ட் எடுத்தா முந்தின மூணு மாசத்துக் கள்ளமும் வெளிய வந்துடும்.

ஏசுறதைப் பற்றி: நிப்பாட்டச் சொல்லி நேரா சொல்ல ஏலும், சத்தம் போடாம. "சேர், ஏசினா இவர் இனி வரமாட்டாரு, வரக்கூடிய மாதிரி ஒரு வழி சொல்லுங்க." வாவிக்கு அங்கால படுவான்கரைப் பக்கத்தில இருந்து வாற ஆக்கள், பஸ் ஓட்டம் குறைவு, பொழுது பட்டா யானைப் பயம், அவ்வளவு கஷ்டத்தில கிளினிக் வந்த ஆளை மதிக்கிறதும் வைத்தியத்தில ஒரு பங்குதான். கூடுதலான டொக்டர்மார் இதைக் கேட்டா கோவிக்க மாட்டாங்க.

(முஸ்லிம் வாசகர்களுக்கும் இதே கதைதான். சீனி வருத்தத்தோட நோன்பு பிடிக்கிற எண்ணம் இருந்தா நோன்புக்கு 6 முதல் 8 கிழமைக்கு முன்னமே டொக்டர்ட்டப் போய்க் கதைங்க. பிடிச்சிட்டு வந்து சொல்றதில பிரயோசனமில்ல.)

கேள்வி: அஸ்ஸலாமு அலைக்கும் மிஸ்ஸி. எனக்கு இது ரெண்டாவது புள்ள, முதல் புள்ள சிசேரியன். இந்த முறையும் சிசேரியன்தான் எண்டு கொப்பில எழுதிட்டாங்க, ஏன் எண்டு சொல்லல்ல. கேட்டா டொக்டர் கோவிப்பாரோ எண்டு பயம். மாமி சொல்றா பெரியவங்க முடிவு எடுத்தா வாயைப் பொத்திட்டு இருக்கச் சொல்லி. நான் கேக்கலாமா?
— சகோதரி, காத்தான்குடி

பதில்: வஅலைக்கும் ஸலாம் மகள். கேக்கலாம், கேக்கத்தான் வேணும், வயித்தை வெட்டுறது உங்களுக்கு.

ஸ்கொட்லாந்தில நடந்த ஒரு வழக்கைச் சொல்றன். நடீன் மொன்ட்கொமரி எண்ட பெண், சின்ன உடம்பு, சீனி வருத்தமும் இருந்திச்சு. அப்பிடியான தாய்மாருக்குப் புள்ள பெரிசா வளரும், தலை வந்த பிறகு தோள் சிக்குப்படுறதுக்கு நூத்துக்கு 9, 10 அளவில வாய்ப்பு இருக்கு. டொக்டருக்கு அது தெரியும், ஆனா சொல்லல்ல, சொன்னா எல்லாத் தாய்மாரும் சிசேரியன் கேப்பாங்க எண்டது அவட எண்ணம். 1999ல புள்ள பிறக்கக்குள்ள தோள் சிக்கி, மூச்சுத் தடைப்பட்டு, மூளையில பாதிப்போட பிறந்திச்சு. வழக்கு வருசக்கணக்கா இழுபட்டு 2015ல பிரித்தானிய உச்ச நீதிமன்றம் தாய்ட பக்கம் தீர்ப்புச் சொல்லிச்சு. அதுக்கு முதல் அங்க இருந்த வழக்கம், மற்ற டொக்டர்மார் ஒத்துக்கொள்ற மாதிரி நடந்தாக் காணும் எண்டது. இந்தத் தீர்ப்புக்குப் பிறகு, அந்த நோயாளிட இடத்தில இருக்கிற ஒராளுக்கு எது முக்கியமாப் படுமோ அந்த ஆபத்தையும், வேற வழி இருந்தா அதையும் சொல்லியே ஆகணும். அது நம்மட நாட்டுச் சட்டமில்லத்தான், ஆனா மாமிட்டக் காட்டுறதுக்குக் காணும்.

உங்கட விஷயத்தில ரெண்டாவதும் சிசேரியன் எண்டதுக்கு நல்ல காரணம் இருக்கலாம், முதல் வெட்டு எப்பிடிப் போட்டது, இடைவெளி எவ்வளவு, நச்சுக்கொடி எங்க இருக்கு, புள்ளட தலை எங்க இருக்கு எண்டு கன விஷயம் இருக்கு. சிலபேருக்கு முதல் சிசேரியனுக்குப் பிறகு சாதாரணமாவும் பெறலாம், ஆனா அந்தப் பழைய தையல் கிழியிற ஆபத்து கொஞ்சம் இருக்கிறதால சட்டெண்டு ஒப்பரேஷன் செய்யக்கூடிய இடத்தில மட்டும்தான். எது உங்களுக்குப் பொருந்தும் எண்டு நான் இங்க இருந்து சொல்ல ஏலாது.

அவுஸ்திரேலியாவில மூணு கேள்வியை வச்சு ஆராய்ச்சி செஞ்சு 2011ல எழுதினாங்க, நோயாளி அந்த மூண்டையும் கேட்டா டொக்டர்மார் தாற விளக்கம் நல்லாக் கூடுதாம். எனக்கு என்னென்ன வழி இருக்கு? ஒவ்வொண்டிலயும் நல்லதென்ன, கெட்டதென்ன? அது எனக்கு நடக்கிறதுக்கு எவ்வளவு வாய்ப்பு? துண்டில எழுதிக் கொண்டு போங்க மகள், கேக்க வெக்கமா இருந்தா துண்டைக் குடுங்க. கிளினிக்கில ஏலாமப் போனா உங்கட ஏரியா மிட்வைஃப் வீட்ட வரக்குள்ள சொல்லுங்க, அவ கொப்பியைப் பார்த்து விளங்கப்படுத்துவா, இல்லாட்டி எம்ஓஎச் எண்ட சுகாதார வைத்திய அதிகாரிட ஒஃபிசுக்குக் கொண்டு போவா.

பெண் டொக்டர் வேணும் எண்டா அதையும் கேளுங்க. எல்லா நேரமும் இருக்க மாட்டாங்க, ஆனா ஆண் டொக்டர் சோதிக்கக்குள்ள பக்கத்தில மிஸ்ஸியோ மிட்வைஃபோ நிக்கணும் எண்டு கேக்கிறது உங்கட உரிமை, அதுக்கு ஒருத்தரும் முகம் சுழிக்கக் கூடா.

கேள்வி: காசு கட்டி சனல் பண்ணினா அதே டொக்டர் பேர் சொல்லிக் கூப்பிட்டு, வீட்டில எல்லாரும் சுகமா எண்டு கேக்கிறாரு. கவுண்மெண்ட் ஆஸ்பத்திரில தலை நிமிர்ந்தும் பார்க்கல்ல. அப்ப நோயாளி மையம் எண்டுறதும் காசுக்காரருக்குத்தானே?
— வாசகர், கல்முனை

பதில்: காசு கட்டினா சுகமா எண்டு கேப்பாங்க, அது உண்மை. அது கவனிப்பா இல்லாட்டி யாவாரமா எண்டு எனக்குத் தெரியாது, ஆளைப் பொறுத்தது. ஆனா நேரமில்ல எண்டு சொல்ற சாட்டை மட்டும் நான் முழுசா ஒத்துக்கொள்ள மாட்டன்.

1984ல அமெரிக்காவில ரெண்டு ஆராய்ச்சியாளர், டொக்டர் நோயாளிக் கதையை டேப்பில பிடிச்சுப் பார்த்தாங்க. நோயாளி வாயைத் திறந்து சராசரி 18 செக்கன்ல டொக்டர் குறுக்க பாய்ஞ்சிடுறாரு. மறுகா சுவிற்சர்லாந்தில ஒரு வெளிநோயாளர் பிரிவில டொக்டர்மாரை குறுக்க பேசாம சும்மா கேக்கச் சொல்லி வச்சுப் பார்த்தாங்க, 2002ல வந்த ஆராய்ச்சி. விட்டா மணிக்கணக்காக் கதைக்குங்கள் எண்டுதானே எல்லாரும் பயப்படுறது, சராசரியா 92 செக்கன்ல நோயாளி தானாவே முடிச்சிட்டாங்க. ரெண்டு நிமிஷத்துக்குள்ள முடிச்சவங்க நூத்துக்கு 78 பேர்.

இனி உங்கட பக்கம். விடிய நம்பர் எடுத்து மணிக்கணக்கா வாங்கில இருந்திட்டு, உள்ள போனதும் "ஒரு மாதிரி இருக்கு சேர்" எண்டு மட்டும் சொல்லிட்டு வாறது நம்மட வழக்கம். கதவில கையை வச்சபிறகு திரும்பி "சேர், நெஞ்சும் கொஞ்சம் நோகுது" எண்டுறது. முக்கியமானதை முதல்ல சொல்லுங்க. வாங்கில இருக்கிற நேரத்தில மனசுக்குள்ள ஒருக்கா சொல்லிப் பாருங்க, எப்ப தொடங்கினது, எது செஞ்சாக் கூடுது, எதுக்குப் பயப்படுறீங்க. அந்தப் பயத்தைச் சொல்றது முக்கியம், "எங்கட அண்ணன் இப்பிடித்தான் நெஞ்சு நொந்து செத்தவர்" எண்டு ஒரு வரி சொன்னா டொக்டர் தலை நிமிருவாரு.

கேள்வி: அப்பாக்கு கேன்சர் எண்டு ரிப்போட் வந்திருக்கு. அவருக்கிட்ட சொல்ல வேணாம் எண்டு அண்ணாமார் எல்லாரும் முடிவெடுத்து டொக்டர்ட்டயும் சொல்லிட்டாங்க. மஹரகமை கேன்சர் ஆஸ்பத்திரிக்கு கொண்டு போகணுமாம், அல்சர் எண்டு சொல்லித்தான் கூட்டிப் போகப்போறம். அவர் கேக்கிறாரு, "எனக்கு என்னகா வருத்தம்?" எண்டு. நான் தான் கடைசி மகள், எனக்கிட்டத்தான் கேக்கிறாரு. என்ன சொல்றது?
— மகள், காரைதீவு

பதில்: இந்தக் கடிதத்துக்குப் பதில் எழுத எனக்குக் கன நேரம் போச்சு.

முதல்ல, உங்கட அண்ணாமார்ல கோவிக்காதீங்க. அப்பா உடைஞ்சு போயிடுவாரு எண்ட பாசத்திலதான் செய்யிறாங்க. இது நம்மட ஊர்ப் பழக்கம், வெள்ளைக்காரன் எல்லாத்தையும் முகத்துக்கு நேர சொல்லுவான் எண்டும் சொல்லுவாங்க, அதுவும் முழு உண்மை இல்ல. 1961ல அமெரிக்க டொக்டர்மாரிட்டக் கேட்டப்ப நூத்துக்கு 90 பேர் அளவில கேன்சரை நோயாளிட்ட சொல்றதை விரும்பல்ல. 1979ல அதே கேள்வியைக் கேட்டா 97 பேர் சொல்லுவம் எண்டாங்க. பதினெட்டு வருசத்தில தலைகீழாப் போச்சு. அங்கயும் மாறினதுதான், இஞ்சயும் மாறும்.

அப்பாக்குத் தெரியாது எண்டு நினைக்கிறீங்களா? மஹரகமை எண்ட பேரைக் கேட்டா இந்த நாட்டில தெரியாத ஆள் யாரு. வார்ட்டில பக்கத்துக் கட்டில் ஆள் சொல்லுவாரு, மருந்து ஏத்தினா முடி கொட்டும், அப்ப அல்சர் எண்டு எத்தினை நாளைக்குச் சொல்லலாம். மறுகா என்ன நடக்கும் எண்டா, அப்பாக்குத் தெரியும், நீங்க மறைக்கிறீங்க எண்டும் தெரியும், உங்களுக்காக அவரும் தெரியாத மாதிரி நடிப்பாரு. ஒரே வீட்டில எல்லாரும் நடிச்சிட்டு இருப்பீங்க, அவருக்குப் பயம் வந்தா கதைக்க ஒரு ஆள் இருக்க மாட்டாங்க. வார்ட்டில நிண்ட காலத்தில நான் கண்டதுகள்ல இதைப்போல வேதனை வேற இல்ல.

அதுக்காக நாளைக்கு விடியவே போட்டு உடைக்கச் சொல்லல்ல. கேன்சர் டொக்டர்மாருக்குப் படிப்பிக்கிற முறையில சொல்றதுக்கு முதல் கேக்கிறது எண்டு ஒண்டு இருக்கு. உங்கட வருத்தத்தைப் பற்றி இதுவரைக்கும் என்ன விளங்கியிருக்கு? எல்லாத்தையும் விபரமா அறிய விருப்பமா, இல்லாட்டி மகன்மாரிட்ட சொல்லி விடவா? அப்பா "எனக்கு வேணாம், பெரியவனிட்ட சொல்லுங்க" எண்டு சொன்னாரெண்டா அது அவர்ட முடிவு, அதை மதிக்கணும். இல்ல, தெரியணும் எண்டு கேட்டா சொல்லணும், கொஞ்சம் கொஞ்சமா, அவர் கேக்கிற அளவுக்கு. ரெண்டிலயும் முடிவெடுத்தது அவர், அண்ணாமார் இல்ல. நோயாளி மையம் எண்டதில குடும்பத்துக்கு இடமில்ல எண்டு நினைக்காதீங்க, எந்த அளவுக்குக் குடும்பம் உள்ள வரணும் எண்டதை நோயாளி சொல்லணும், அவ்வளவுதான்.

அவருக்குச் செய்ய வேண்டிய வேலை இருக்கலாம். காணி உறுதி யார் பேர்ல எழுதுறது, கதைக்காம இருக்கிற தம்பியோட ஒரு கதை, உகந்தையால காட்டுப்பாதையில நடந்து கதிர்காமம் போற நேர்த்தி. சிகிச்சையை இந்த மாசம் தொடங்கிறதா அந்த யாத்திரைக்குப் பிறகா எண்டு டொக்டரிட்டக் கேக்கிற உரிமை அவருக்கு வேணாமா? டொக்டர் சுணங்கக்கூடா எண்டு சொல்லலாம், அது வேற. கேக்க விட்டாத்தானே.

அப்ப அவர் "எனக்கு என்னகா" எண்டு கேட்டா, மகள், பொய் சொல்லாதீங்க, "நீங்க என்னெண்டு நினைக்கிறீங்கப்பா?" எண்டு கேட்டுட்டு கையைப் பிடிச்சிட்டு இருங்க. அவர் சொல்லுவாரு. அதுக்கு முதல் அண்ணாமாரைக் கூட்டி வச்சு இந்தப் பதிலை வாசிச்சுக் காட்டுங்க, மஹரகமைக்குப் போகக்குள்ள டொக்டர்ட்ட "அப்பாட்டயே கேட்டுட்டு சொல்லுங்க சேர்" எண்டு எல்லாரும் சேர்ந்து சொல்லுங்க.

கேள்வி: அம்மாவை தூர ஆஸ்பத்திரி ஒண்டுக்கு மாத்தினாங்க. டொக்டருக்கு சிங்களம்தான், எங்களுக்கு தமிழ்தான். என்ட மகன் ஸ்கூல்ல சிங்களம் படிக்கிறதால அவன்தான் எல்லாத்தையும் சொல்லிக் குடுத்தான். இது சரியா மிஸ்ஸி?
— வாசகி, திருக்கோவில்

பதில்: மகன் கெட்டிக்காரன், ஆனா சரியில்ல. அம்மாக்கு மாதவிடாய் நிண்டபிறகு இரத்தம் போகுதெண்டு வைங்க, அதைப் பேரனிட்டச் சொல்லுவாவா? விட்டுட்டு வயித்து நோவு எண்டு மட்டும் சொல்லுவா, டொக்டர் வயித்து நோவுக்கு மருந்து தருவாரு. சின்னப் புள்ள கெட்ட சேதியைக் கேட்டு அதைப் பெரியம்மாமாருக்குச் சொல்றதும் அந்தப் புள்ளைக்குப் பாரம். 1987ல அரசியலமைப்புக்குக் கொண்டு வந்த 13வது திருத்தத்தோட தமிழும் அரசகரும மொழி, அதால தமிழ் தெரிஞ்ச மிஸ்ஸியோ ஊழியரோ ஒராளைக் கூப்பிடச் சொல்லிக் கேக்கிறது உபகாரம் கேக்கிறதில்ல. அவசரத்தில ஒருத்தரும் இல்லாட்டி வீட்டில வளர்ந்த பொம்பிளை ஒராளை போன்ல பிடிச்சு ஸ்பீக்கர்ல போடுங்க. கிழக்குக்கு வேலைக்கு வந்து நல்லாத் தமிழ் பழகின சிங்கள டொக்டர்மாரையும் நான் கண்டிருக்கன், அவங்களுக்கு நோயாளிமார் எவ்வளவு மரியாதை குடுப்பாங்க எண்டும் கண்டிருக்கன்.

கேள்வி: நானும் ஒரு தாதிதான். எல்லாரும் நோயாளி நோயாளி எண்டு எழுதுறீங்க, ஒரு நைட்டில முழு வார்ட்டையும் ரெண்டு பேர் பார்க்கிறம், ஒண்டுக்குப் போகவும் நேரமில்ல. எங்களை யாரு மையமா வைக்கிறது?
— பெயர் வேண்டாம், மட்டக்களப்பு

பதில்: நியாயம் தங்கச்சி. 2022 பொருளாதார நெருக்கடிக்குப் பிறகு டொக்டர்மாரும் மிஸ்ஸிமாரும் வெளிநாடு போய், மிச்சம் இருக்கிறவங்கட தலையில எல்லாம் விழுந்திருக்கு. களைச்சுப் போன ஆளிட்ட அன்பாக் கதை எண்டு போஸ்டர் ஒட்டினா வேலை நடக்காது, ஆள் போடணும், அதை ஆஸ்பத்திரி அபிவிருத்திச் சங்கத்தில இருக்கிற ஊர்ப் பெரியவங்களும் சேர்ந்து கேக்கணும். வாசகர்களே, வார்ட்டில விசிட்டிங் நேரத்துக்குப் பத்துப் பேர் போய்க் கட்டில்ல ஏறி இருக்கிறதையும் கொஞ்சம் குறைங்க.

ஆனா நேரம் எடுக்காத ஒரு விஷயம் இருக்கு. இங்கிலாந்தில கேட் கிரேஞ்சர் எண்டு ஒரு டொக்டர், அவவுக்கே கேன்சர் வந்து 2013ல வார்ட்டில படுத்திருக்கக்குள்ள, வாற போற ஆக்கள்ல கன பேர் தங்கட பேரைச் சொல்றதில்ல எண்டு கண்டா. அதை எழுதப்போய் பெரிய இயக்கமாவே போச்சு, "வணக்கம், என்ட பேர் இது" எண்டு சொல்லிட்டுத்தான் நோயாளிட்டப் போறது. 2016ல அவ இறந்துட்டா, ஆனா அந்தப் பழக்கம் நிலைச்சிட்டு. நம்மட ஆக்களுக்கு எங்கட பேர் மிஸ்ஸிதான், அது பரவாயில்ல, ஆனா நாங்க அவங்களை "பன்னெண்டாம் கட்டில்" எண்டு கூப்பிடுறதை விடலாமே. "பெத்தா, ஊசி ஒண்டு போடப்போறன்" எண்டு சொல்லிட்டுப் போட்டா ரெண்டு செக்கன். பெத்தா அண்டிரவு நாலுதரம் மணி அடிக்க மாட்டா, உங்களுக்கும் அது லாபம்.

கேள்வி: மழை வெள்ளத்தில கிளினிக் கொப்பி ஊறிப் போச்சு, எழுத்து ஒண்டும் தெரியுதில்ல. கொண்டு போனா ஏசுவாங்களா?
— வாசகர், வாழைச்சேனை

பதில்: ஏசினாலும் கொண்டு போங்க, வெயில்ல காயவச்சு. இப்ப போடுற குளிசைட மட்டையையும் கொண்டு போனா பேரும் அளவும் அதுல இருக்கும், புதுக்கொப்பி போட்டுத் தருவாங்க. முந்தி வார்ட்டில இருந்து வீட்ட விடக்குள்ள தந்த டயக்னோசிஸ் கார்ட் இருந்தா அதையும் எடுங்க. எந்த மருந்து உங்களுக்கு ஒத்துவராது எண்டதைப் புதுக்கொப்பிட முதல் பக்கத்தில எழுதச் சொல்லுங்க, மறக்காம. இனிமே ஒவ்வொரு கிளினிக் முடியவும் அந்தப் பக்கத்தை போன்ல படம் எடுத்து மகனுக்கோ மகளுக்கோ அனுப்பி வைங்க, கொப்பியை ரெண்டு ஷொப்பிங் பேக்குக்குள்ள போட்டு மேல் தட்டில வைங்க, மாரி வருசா வருசம் வாறதுதானே.